கடல் கடந்த உழைப்பாளர் உரிமை: ஒரு வரலாற்று நோக்கு

பொருள் தேடிக் கடல் கடப்பதை நம் நாட்டினர் நெடுங்காலமாகப் பெருமையுடன் பேசி வந்துள்ளனர். கலம் செலுத்திய வணிகரும் படை நடத்திய வேந்தரும் இலக்கியத்திலும் கல்வெட்டிலும் இடம் பெற்றனர். ஆயினும், கடந்த இருநூறு ஆண்டுகளில் தமிழகத் துறைமுகங்களிலிருந்து கப்பல் ஏறியோரில் மிகப் பலர் வணிகரும் அல்லர், வேந்தரும் அல்லர். மண் வெட்டவும் கரும்பு அறுக்கவும் கொழுந்து கிள்ளவும் பால் மரம் சீவவும் அழைத்துச் செல்லப்பட்ட ஏழை உழைப்பாளரே அவர்கள். அவர்களுள் பெருந்தொகையினர் பறையர், பள்ளர், அருந்ததியர் முதலான ஒடுக்கப்பட்ட குடிகளைச் சேர்ந்தோர். ஆகவே, அயல்நாடு சென்ற தொழிலாளரின் உரிமை வரலாறு நம் மக்களின் வரலாற்றில் ஒரு பெரும் பகுதியாகும். கல்வியைப் பரப்பும் பணியில் இருபத்தைந்து ஆண்டுகளை நிறைவு செய்யும் நம் கழகத்தின் மலரில் அவ்வரலாற்றைச் சுருங்க உரைப்பது பொருத்தமெனக் கருதுகிறேன்.

அடிமை முறை ஒழிந்த பின்

பிரிட்டிஷ் பேரரசின் குடியேற்ற நாடுகளில் அடிமை முறையை ஒழிக்கும் சட்டம் 1833-இல் நிறைவேறி, 1834-இல் நடைமுறைக்கு வந்தது. கரும்புத் தோட்டங்களில் ஆப்பிரிக்க அடிமைகளின் இடத்தை நிரப்ப ஆட்கள் தேவைப்பட்டனர். தோட்ட முதலாளிகளின் பார்வை இந்தியாவின் மீது விழுந்தது. 1834-இல் மொரீசியசுத் தீவுக்கு ஒப்பந்தக் கூலிகள் செல்லத் தொடங்கினர். அடுத்து வந்த முக்கால் நூற்றாண்டில் அத்தீவுக்கு மட்டும் ஏறத்தாழ நாலரை இலட்சம் இந்தியர் கொண்டு செல்லப்பட்டனர்.

தமிழ்நாட்டு உழவுத் தொழிலாளர் நிலை அக்காலத்தில் எவ்வாறிருந்தது? நிலத்தோடு சேர்த்து ஆளையும் விற்கவும் அடைமானம் வைக்கவும் இடமளித்த வழக்கம் இங்கு நிலவியது. அடிமை நிலையைச் சட்டம் ஏற்றுக்கொள்ளாது என்று 1843-ஆம் ஆண்டின் ஐந்தாம் சட்டம் கூறிய பின்னரும், கடன் என்னும் கயிறு பண்ணையாளைப் பிணித்தே வைத்திருந்தது. பஞ்சம் வந்தபோது முதலில் பட்டினி கிடந்தவன் அவனே. 1876 முதல் 1878 வரை நிகழ்ந்த பெரும் பஞ்சத்தில் கப்பலேறியவர் தொகை பெருகியது இதனாலேயே. ஊரில் தெருவில் நடக்கவும் உரிமையற்றிருந்தவனுக்குக் கடலுக்கு அப்பால் ஏதேனும் ஒரு வாழ்வு உண்டென்ற நம்பிக்கையே பெரிதாயிருந்தது. அவன் ஏமாற்றப்பட்டுச் சென்றான் என்பது உண்மை. இங்கிருந்து தப்பிச் சென்றான் என்பதும் உண்மையே. இவ்விரண்டில் ஒன்றை மட்டும் கூறுவது வரலாறு ஆகாது.

முதற் காப்புச் சட்டங்கள்

இப்பயணங்களை ஒழுங்குபடுத்த 1837-இல் முதற் சட்டம் இயற்றப்பட்டது. கப்பலேறும் தொழிலாளி, ஆள்சேர்க்கும் முகவருடன் அரசு அதிகாரி ஒருவர் முன் தோன்ற வேண்டும். வேலை நிபந்தனைகள் எழுத்தில் இருத்தல் வேண்டும். ஒப்பந்தக் காலம் ஐந்து ஆண்டு. அது முடிந்தபின் திருப்பி அனுப்பும் பொறுப்பும் அதில் கூறப்பட்டிருந்தது. ஏட்டில் இவையெல்லாம் நல்ல விதிகளே. ஆயினும், கடத்தல், ஏமாற்றுதல், கப்பலில் மரணம் ஆகியவை பற்றிய செய்திகள் வெளியானமையால் 1839-இல் கூலிப் பயணம் தடை செய்யப்பட்டது. இது புதியதோர் அடிமை முறையாக மாறிவிடுமோ என்று 1840-இல் பிரிட்டிஷ் அமைச்சர் ஜான் ரசல் பிரபுவே ஐயுற்றார். எனினும் தோட்ட முதலாளிகளின் நெருக்குதல் வென்றது. 1842-ஆம் ஆண்டின் பதினைந்தாம் சட்டத்தின்படி மொரீசியசுப் பயணம் மீண்டும் திறக்கப்பட்டது. அப்பொழுது ஏற்படுத்தப்பட்டதுதான் 'குடிபெயர்வோர் பாதுகாவலர்' என்னும் பதவி. கல்கத்தா, பம்பாய், சென்னை ஆகிய துறைமுகங்களில் அவ்வதிகாரிகள் அமர்த்தப்பட்டனர். அப்பதவி இன்றும் அதே பெயரால் வழங்கி வருகிறது.

பாதுகாவலர் முன் நின்ற தொழிலாளி எழுத்தறியாதவன். அவன் கைநாட்டிட்ட சீட்டில் என்ன எழுதியிருந்தது என்பதை அவனுக்கு எடுத்துச் சொன்னவன், அவனை அழைத்து வந்த தரகனே. தன்னைக் காக்கும் விதியைத் தான் படிக்க இயலாத ஒருவனுக்கு அவ்விதி எவ்வளவு தூரம் துணை நிற்கும் என்பதை அடுத்து நடந்தவை காட்டின.

நேட்டால் தந்த பாடம்

தென்னாப்பிரிக்காவின் நேட்டால் பகுதிக்கு முதற் கப்பல் சென்னையிலிருந்து சென்றது. 'ட்ரூரோ' என்னும் அக்கப்பல் 1860-ஆம் ஆண்டு நவம்பர் 16-ஆம் நாள் டர்பன் துறையை அடைந்தது. 1911 வரை அங்குக் கொண்டு செல்லப்பட்ட ஒப்பந்தத் தொழிலாளர் 1,52,184 பேர். அவர்களுள் மூன்றில் இரு பங்கினர் சென்னைத் துறைமுகத்தின் வழியே சென்றவர்கள். அங்கே வேலைக்கு வராமை குற்றம்; சீட்டின்றித் தோட்டத்தை விட்டு வெளியேறுவதும் குற்றம். உரிமையியல் நீதிமன்றத்தில் தீர்க்க வேண்டிய ஒப்பந்த வழக்கு, சிறைத் தண்டனைக்குரிய குற்றமாக்கப்பட்டது. ஒப்பந்தக் கூலி முறையின் கொடுமைக்கு ஆணிவேர் இதுவே.

1866 அளவில் நேட்டாலில் பொருளாதார நெருக்கடி ஏற்பட்டுப் பயணம் நின்றது. முதற் குழுவினரில் ஒரு பகுதியினர் 1871-இல் சென்னைக்குத் திரும்பினர். வந்தவர்கள் வாளாவிருக்கவில்லை. கூலி பிடித்தம் செய்யப்பட்டது, அடிக்கப்பட்டது, வாக்களித்தவை மறுக்கப்பட்டது ஆகிய யாவற்றையும் அதிகாரிகளிடம் முறையிட்டனர். அம்முறையீடுகள் பதிவு செய்யப்பட்டன. அவற்றிற்கு விடை காணாமல் மேலும் ஆட்களை அனுப்ப இயலாது என்று இந்திய அரசு கூறிவிட்டது. அதன் விளைவாக 1872-இல் நேட்டால் அரசு ஒரு விசாரணைக் குழுவை அமைத்தது. இந்தியக் குடியேறிகளுக்கென அங்கும் ஒரு பாதுகாவலர் நியமிக்கப்பட்ட பின்னரே 1874-இல் பயணம் மீண்டும் தொடங்கியது.

எழுதப் படிக்கத் தெரியாத அவ்வுழைப்பாளர், வாய்மொழியாகச் சொன்ன சாட்சியத்தால் ஓர் அரசையே விடை சொல்ல வைத்தனர். உரிமை மேலிருந்து இறங்கி வருவதன்று. கீழிருந்து எழும் குரலே அதை வருவிக்கிறது என்பதற்கு இதனினும் சிறந்த சான்று வேண்டுவதில்லை.

இருப்பினும் அடக்குமுறை வேறு வடிவில் வந்தது. ஒப்பந்தம் முடிந்தபின் நேட்டாலிலேயே தங்க விரும்புவோர் ஆண்டுக்கு மூன்று பவுன் தலைவரி செலுத்த வேண்டுமென 1895-இல் சட்டம் இயற்றப்பட்டது. மீண்டும் ஒப்பந்தத்தில் சேர்தல், நாடு திரும்புதல், வரி செலுத்துதல் என்னும் மூன்றைத் தவிர வேறு வழியில்லை. முதலாளியால் தாக்கப்பட்டுக் குருதி வழிய வந்த பாலசுந்தரம் என்னும் தமிழ்த் தொழிலாளியை, 1894-இல் காந்தியடிகள் வேறு முதலாளியிடம் மாற்றிக் கொடுத்த செய்தி அவரது தன்வரலாற்றில் உள்ளது. அன்றைய சட்டத்தில் முதலாளியை விட்டு விலகும் உரிமை தொழிலாளிக்கு இல்லை என்பதை அந்நிகழ்ச்சி விளக்கும். 1913-இல் நியூகாசில் நிலக்கரிச் சுரங்கங்களில் தொடங்கிய வேலைநிறுத்தம் கரும்புத் தோட்டங்களுக்கும் பரவியது. ஆயிரக்கணக்கான தொழிலாளர் கருவிகளைக் கீழே வைத்தனர். சிறை சென்று நோயுற்ற தில்லையாடி வள்ளியம்மை 1914 பிப்ரவரி 22-இல் உயிர் நீத்தாள். அவ்வாண்டே மூன்று பவுன் வரி நீக்கப்பட்டது.

நம் சமுதாயத்தின் மூத்த தலைவர்களுள் ஒருவரான இரட்டைமலை சீனிவாசன், தென்னாப்பிரிக்காவில் நீதிமன்ற மொழிபெயர்ப்பாளராகப் பணியாற்றியவர் என்பதும் ஈண்டு நினைவுகூரத்தக்கது. முறையிடும் ஏழைக்கும் தீர்ப்பளிக்கும் நீதிபதிக்கும் இடையே அவன் மொழியறிந்த ஒருவர் நிற்பது எத்துணை இன்றியமையாதது என்பதை நாம் எண்ணிப் பார்த்தல் வேண்டும்.

நாடெங்கும் எழுந்த எதிர்ப்பின் பயனாக ஒப்பந்தக் கூலிப் பயணம் 1917-இல் நிறுத்தப்பட்டது. பிஜித் தீவில் எஞ்சியிருந்த ஒப்பந்தங்கள் 1920 சனவரி முதல் நாளில் நீக்கப்பட்டன.

கங்காணியும் துண்டும்

இலங்கைக்கும் மலேயாவுக்கும் சென்றோர் கதை வேறு. இலங்கை அருகில் இருந்தமையால், 1847-ஆம் ஆண்டுச் சட்டம் ஒன்று அப்பயணத்தைக் கட்டுப்பாடுகளிலிருந்து விலக்கியது. விலக்கு என்பது உரிமைபோல் தோன்றினும், பாதுகாவலரின் கண் அத்திசையை நோக்கவே இல்லை என்பதே அதன் பொருள். மன்னார்க் கரையில் இறங்கிக் காட்டுவழியே மாத்தளை நோக்கி நடந்தோரில் காலராவுக்கும் காய்ச்சலுக்கும் இரையானோர் பலர்.

இங்கு ஆள் சேர்த்தவன் கங்காணி. அவன் பெரும்பாலும் ஊரறிந்தவன், சில வேளைகளில் உறவினன். வழிச் செலவுக்கும் வீட்டுச் செலவுக்கும் முன்பணம் கொடுப்பான். அப்பணம் தோட்டத்தை அடைந்ததும் தொழிலாளியின் பெயரில் கடனாக நிற்கும். ஆள் வேலைக்கு வந்த நாள்தோறும் கங்காணிக்குத் தலைக்காசு கிடைக்கும். ஒரு தோட்டத்தை விட்டு மற்றொரு தோட்டம் செல்ல வேண்டுமாயின், கடன் தீர்த்தால் விடுவிப்பதாகக் கூறும் 'துண்டு' என்னும் சீட்டு வேண்டும். புதிய முதலாளி அக்கடனைச் செலுத்திக் கூட்டத்தையே பெற்றுக்கொள்வான். ஆள் மாறினான், தோட்டம் மாறியது, கடன் மட்டும் மாறவில்லை, வளர்ந்தது. ஊரில் பண்ணைக்குப் பட்ட கடன், மலையில் கங்காணிக்குப் பட்ட கடனாயிற்று. துண்டு முறை 1921-இல்தான் சட்டத்தால் ஒழிக்கப்பட்டது.

1922-ஆம் ஆண்டின் இந்தியக் குடிபெயர்வுச் சட்டம் ஒரு திருப்பம். பயிற்சியற்ற தொழிலாளரை எந்நாட்டுக்கு, எந்நிபந்தனையில் அனுப்பலாம் என்பதை அரசு சட்டமன்றத்தின் இசைவுடன் அறிவித்தாலன்றி அனுப்புதல் கூடாது என்று அது விதித்தது. கண்டியிலும் கோலாலம்பூரிலும் இந்திய அரசின் முகவர்கள் அமர்ந்து, தோட்டங்களைப் பார்வையிட்டு, ஆண்டறிக்கை எழுதினர். இதன் தொடர்ச்சியாக 1927-இல் இலங்கையில் இந்தியத் தொழிலாளருக்குக் குறைந்தபட்சக் கூலிச் சட்டம் வந்தது. தஞ்சையிலிருந்து சென்ற கோ. நடேசய்யர் 1931-இல் தோட்டத் தொழிலாளர் சம்மேளனத்தைத் தோற்றுவித்தார். அவர் துணைவியார் மீனாட்சியம்மை பாட்டிசைத்துத் தோட்டப் பெண்களைத் திரட்டினார். 1940 சனவரியில் முல்லோயாத் தோட்டத்தில் கூலி உயர்வு கேட்ட போராட்டத்தின்போது, கோவிந்தன் என்னும் தொழிலாளி காவலர் குண்டுக்குப் பலியானார். மலேயாவில் 1941-இல் கிள்ளான் பகுதி ரப்பர்த் தோட்டத் தொழிலாளர் வேலைநிறுத்தம் செய்தபோது, கூலி உயர்வுடன் மற்றொரு கோரிக்கையும் வைத்தனர். வெள்ளை அதிகாரியைக் கண்டால் மிதிவண்டியிலிருந்து இறங்க வேண்டும் என்ற வழக்கம் ஒழிய வேண்டும் என்பதே அது. செருப்பைக் கையிலெடுத்து மேல்தெருவைக் கடந்தவரின் பிள்ளைகளுக்கு அக்கோரிக்கையின் பொருளை விளக்கிச் சொல்ல வேண்டியதில்லை.

பயிற்சியற்ற தொழிலாளரை உதவி கொடுத்து அனுப்புவதை மலேயாவைப் பொறுத்து 1938-இலும், இலங்கைப் பயணத்தை 1939-இலும் இந்திய அரசு தடை செய்தது.

ஆவணம் இன்மையின் விளைவு

கூலி உரிமை ஓரளவு கிடைத்த நேரத்தில் குடியுரிமை பறிபோயிற்று. 1948-ஆம் ஆண்டின் இலங்கைக் குடியுரிமைச் சட்டம், தந்தையோ பாட்டனோ அந்நாட்டில் பிறந்தமைக்குச் சான்று கேட்டது. லயத்தில் பிறந்து லயத்திலேயே இறந்தவருக்குப் பிறப்புச் சான்றிதழ் ஏது? தேயிலைத் தொழிலை வளர்த்த மக்கள் நாடற்றவராயினர். அடுத்த ஆண்டில் வாக்குரிமையும் இழந்தனர். 1964 அக்டோபர் 30-இல் கையெழுத்தான சிரிமாவோ–சாஸ்திரி ஒப்பந்தம், 5,25,000 பேரை இந்தியாவும் 3,00,000 பேரை இலங்கையும் ஏற்பதென முடிவு செய்தது. எஞ்சிய 1,50,000 பேரை இரு நாடுகளும் சமமாகப் பகிர்வதென 1974-இல் உடன்பாடாயிற்று. சம்பந்தப்பட்ட மக்களை எவரும் கலந்து பேசவில்லை. தாயகம் திரும்பியோருக்காக நீலகிரியில் 1968-இல் அரசுத் தேயிலைத் தோட்டத் திட்டம் தொடங்கப்பட்டது. அங்கும் அவர்கள் தேயிலையே பறித்தனர். இலங்கையில் தங்கிவிட்ட நாடற்றோர்க்கு 2003-இல்தான் சட்டத்தின் மூலம் குடியுரிமை கிட்டியது. ஐம்பத்தைந்து ஆண்டுகள் ஒரு சான்றிதழ் இன்மையால் கழிந்தன.

அனைத்துலக விதிகளும் இன்றைய நிலையும்

1973-க்குப் பின் எண்ணெய் விலை உயரவே, வளைகுடா நாடுகள் நம் இளைஞரை ஈர்த்தன. அங்கே 'கஃபாலா' என்னும் பொறுப்பாளர் முறை நிலவியது. தொழிலாளி தங்கும் உரிமையே முதலாளியின் பெயரில் இருந்தது. அவர் இசைவின்றி வேலை மாறுதல் அரிது. சில நாடுகளில் ஊர் திரும்பவும் அவர் இசைவு வேண்டும். துண்டுச் சீட்டை அறிந்தவர்க்கு இம்முறை புதிதாகத் தோன்றாது. கத்தார் நாடு 2020-இல், வேலை மாறுவதற்கு முதலாளியின் ஒப்புதல் தேவையில்லை எனத் திருத்தம் செய்து, 2021 முதல் மாதம் 1,000 ரியால் குறைந்தபட்ச ஊதியத்தை நடைமுறைப்படுத்தியது. உலகம் உற்று நோக்கியதன் பயன் இது.

அனைத்துலகத் தொழில் அமைப்பு 1949-இலும் 1975-இலும் குடிபெயர் தொழிலாளர் பற்றிய உடன்படிக்கைகளை வகுத்தது. வேலை தேடித் தருவதற்குத் தொழிலாளரிடம் கட்டணம் பெறலாகாது என்னும் கொள்கையை 1997-ஆம் ஆண்டு உடன்படிக்கை வலியுறுத்தியது. ஐக்கிய நாடுகள் பொதுச்சபை 1990 டிசம்பர் 18-இல் குடிபெயர் தொழிலாளர் மற்றும் அவர்தம் குடும்பத்தினர் உரிமைப் பாதுகாப்பு உடன்படிக்கையை ஏற்றது. அது 2003 சூலை முதல் நாளில் நடைமுறைக்கு வந்தது. சட்டப்படி அதிகாரம் பெற்ற அரசு அலுவலரன்றி வேறெவரும் ஒருவரது கடவுச்சீட்டைப் பறித்து வைத்தலாகாது. உள்நாட்டாருக்குள்ள ஊதியமும் வேலை நிபந்தனைகளும் அயலாருக்கும் உண்டு. தொழிற்சங்கத்தில் சேரலாம் என்பன அதன் விதிகளுள் சில. தொழிலாளரை ஏற்கும் பெரிய நாடுகள் இதனை ஏற்கவில்லை. இலங்கை 1996-இலேயே ஏற்றது. நம் நாடோ ஏற்காத நாடுகளின் வரிசையில் நிற்கிறது. பிறநாடுகளிடம் நம் மக்களுக்கு நீதி கேட்போர், நீதியின் ஏட்டில் முதலில் தாம் கையெழுத்திடுதல் முறையன்றோ?

இந்தியாவில் 1922-ஆம் ஆண்டுச் சட்டத்தின் இடத்தில் 1983-இல் புதிய குடிபெயர்வுச் சட்டம் வந்தது. ஆள்சேர்க்கும் முகவர் அரசிடம் பதிவு பெற வேண்டும். அவர் பெறும் கட்டணத்துக்கு உச்சவரம்பு உண்டு. வளைகுடா நாடுகள் உள்ளிட்ட குறிப்பிட்ட சில நாடுகளுக்குச் செல்வோர் பாதுகாவலரின் அனுமதி பெற வேண்டும். வீட்டுவேலைக்குச் செல்லும் பெண்களுக்கு முப்பது வயது நிறைந்திருத்தல் வேண்டும் என்னும் விதியும் உண்டு. காக்கும் நோக்கில் எழுந்த அத்தடை, வறுமையால் உந்தப்பட்ட இளம்பெண்களைச் சுற்றுலா விசாவில் தரகர் பின்னே செல்லவும் தூண்டியுள்ளது. 1839 முதல் இன்றுவரை தடையும் காப்பும் ஒன்றல்ல என்பதை வரலாறு திரும்பத் திரும்பச் சொல்லி வருகிறது.

பத்தாம் வகுப்பும் பாதுகாவலரும்

இச்சட்டத்தின் நடைமுறையில் கல்விப் பணியாளராகிய நாம் கூர்ந்து நோக்க வேண்டிய செய்தி ஒன்று உண்டு. பத்தாம் வகுப்புத் தேறியவருக்குப் பாதுகாவலரின் அனுமதி தேவையில்லை. தேறாதவருக்கே அது தேவை. படித்தவன் தன்னைத் தானே காத்துக் கொள்வான் என்பது சட்டத்தின் எண்ணம். நம் பிள்ளைகள் தேர்ச்சிச் சான்றிதழைப் பெற்ற அன்றே, 1842 முதல் வந்த அந்தக் காவல் அவர்களை விட்டு நீங்கி விடுகிறது.

தலைமையாசிரியன் என்னும் முறையில் ஆண்டுதோறும் அச்சான்றிதழ்களை வழங்கி வருகிறேன். அதனை வாங்கிச் செல்லும் மாணவன், ஆங்கிலத்திலோ அரபு மொழியிலோ அச்சிட்ட ஒப்பந்தத்தில் ஊதியம் எங்கே, வேலை நேரம் எங்கே, பிடித்தம் எங்கே என்று தேடிப் படிக்க வல்லவனா என்ற வினா என் உள்ளத்தில் எழாமல் இருப்பதில்லை. வல்லவனாக ஆக்காது விட்டால், சட்டத்தின் நம்பிக்கையை நாம் பொய்யாக்கியவராவோம்.

இவ்வரலாற்றிலிருந்து நாம் கொள்ளத்தக்க பாடங்கள் சில. கடன் பட்டுச் செல்பவன் பாதி உரிமையை ஊரிலேயே விட்டுச் செல்கிறான். நிலத்தையும் நகையையும் அடகு வைத்துத் தரகனுக்குக் கொடுக்குமுன், அவன் பதிவு பெற்றவனா என்பதை அரசு அலுவலகத்தில் கேட்டறிதல் வேண்டும். வேலை விசாவா, சுற்றுலா விசாவா என்பதைப் பார்த்தல் வேண்டும். ஒப்பந்தத்தின் படியொன்றும் கடவுச்சீட்டின் படியொன்றும் வீட்டில் இருத்தல் வேண்டும். பிறப்பு, திருமணம், கல்வி ஆகியவற்றின் சான்றுகளைப் பொன்போல் போற்றுதல் வேண்டும். துன்பம் நேர்ந்தால் இந்தியத் தூதரகத்தில் எழுத்தால் முறையிடத் தெரிதல் வேண்டும்.

இவற்றைக் கற்பிக்கப் பெரும் பொருட்செலவு வேண்டியதில்லை. நம் கழகத்தின் மாலை வகுப்புகளில் வாரம் ஒரு நாழிகை போதும். அயல்நாட்டிலிருந்து திரும்பியோரை அழைத்து, அவர்தம் அனுபவத்தைக் கூறச் செய்து, அதனை எழுதி வைத்தலும் நன்று. 1871-இல் சென்னைக் கரையில் இறங்கிய உழைப்பாளரின் சொல்லை வேறொருவர் எழுத வேண்டியிருந்தது. அவர்தம் கொள்ளுப் பேரரின் பிள்ளைகள் தம் சொல்லைத் தாமே எழுத வல்லவர். அந்த வல்லமையை ஒவ்வொரு தெருவுக்கும் கொண்டு சேர்ப்பதே வரும் இருபத்தைந்து ஆண்டுகளுக்கு நம் கழகம் மேற்கொள்ள வேண்டிய கடமையாகும்.